என் மனசு சொல்வதா, மற்றவர்கள் சொல்வதா? படிப்பைத் தேர்ந்தெடுக்கும் முன் செய்ய வேண்டியவை

"எனக்குக் கட்டடக்கலைதான் சரிவரும் என்று தோன்றுகிறது. வீட்டில் எல்லோரும் கணக்கியல் படி என்கிறார்கள். யார் பேச்சைக் கேட்பது?" படிப்பின் பெயர்தான் மாறுகிறது, ஆலோசனைக்கு வரும் மாணவர்களில் பலர் கேட்பது இதைத்தான். கேள்வியை இப்படியே வைத்துக்கொண்டு பதில் தேடினால் சண்டைதான் மிஞ்சும். ஏனென்றால் இதற்குள் மூன்று கேள்விகள் இருக்கின்றன. இந்த வேலை எனக்குப் பிடிக்குமா? என்னால் நன்றாகச் செய்ய முடியுமா? அந்த வேலை நிஜத்தில் எப்படி இருக்கும்? மூன்றுக்கும் பதில் தெரிந்தவர்கள் வேறு வேறு ஆட்கள்.

உளவியலாளர் சிமின் வசீர் 2010இல் வெளியிட்ட ஆய்வு இதற்கு உதவும். ஒருவரைப் பற்றி அவரே சொன்னது, நண்பர்கள் சொன்னது, அறிமுகமில்லாதவர்கள் சொன்னது ஆகியவற்றை ஆய்வுக்கூடச் சோதனைகளோடு அவர் ஒப்பிட்டுப் பார்த்தார். பதற்றம் போல உள்ளுக்குள் நடக்கும் விஷயங்களில் அவரவர் சொன்னதே சரியாக இருந்தது. அறிவுத்திறன், படைப்பாற்றல் போன்றவற்றில் நண்பர்களின் கணிப்பு அதைவிடச் சரியாக இருந்தது. மனசுக்குள் நடப்பது வெளியே தெரியாது. திறமை என்று வந்தால் நம் கௌரவம் குறுக்கே வந்து கண்ணை மறைத்துவிடுகிறது. ஆகவே, பிடித்திருக்கிறதா என்பதில் உங்கள் சொல்லுக்கு முதலிடம் கொடுங்கள். வருமா என்பதில், உங்கள் வேலையை நேரில் பார்த்தவர்களின் சொல்லுக்கு அதிக எடை கொடுங்கள்.

ஆனால் "பிடிக்கும்" என்பதையும் கொஞ்சம் கிளறிப் பார்க்க வேண்டும். பிடித்திருப்பது வேலையா, அந்த வேலையின் பெயரா? கட்டடக்கலை என்றால் அழகான கட்டடம் மட்டும் கண்ணுக்குத் தெரிகிறது. ஒரே வரைபடத்தைப் பலமுறை திருத்துவது, படிக்கட்டின் உயரத்தை மில்லிமீட்டர் கணக்கில் சரிபார்ப்பது, விதிமுறைகளைப் படிப்பது, கடைசி நேரத்தில் வாடிக்கையாளர் மனம் மாறினால் திரும்ப ஆரம்பிப்பது, எல்லாம் சேர்ந்ததுதான் அந்த வேலை. இவற்றில் எதையாவது கடந்த ஆறு மாதத்தில் யாரும் சொல்லாமலேயே செய்திருக்கிறீர்களா? செய்திருந்தால் உங்கள் விருப்பத்துக்கு ஆதாரம் இருக்கிறது. இல்லையென்றால் விருப்பம் பொய் என்று ஆகிவிடாது. இன்னும் சோதித்துப் பார்க்கவில்லை, அவ்வளவுதான்.

திறமை பற்றிய சுயமதிப்பீடு எந்த அளவுக்கு நம்பகமானது? 1982இல் மேப், வெஸ்ட் என்ற ஆய்வாளர்கள் இருவரும் 55 ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்தபோது, நம்மைப் பற்றி நாமே சொல்லும் மதிப்பீட்டுக்கும் உண்மையான செயல்பாட்டுக்கும் இருந்த ஒட்டுறவுக் கெழு (இரண்டும் எவ்வளவு ஒத்துப்போகின்றன என்று காட்டும் எண்; முழுவதும் ஒத்துப்போனால் 1, தொடர்பே இல்லையென்றால் 0) சராசரியாக 0.29. தொடர்பு இருக்கிறது, ஆனால் பலவீனமானது. அதே தொகுப்பில் தெரிந்த இன்னொன்று: தங்கள் கணிப்பு பின்னால் சரிபார்க்கப்படும் என்று தெரிந்தவர்கள் மேலும் துல்லியமாகக் கணித்தார்கள். இதை நீங்களே பயன்படுத்திக்கொள்ளலாம். ஒவ்வொரு மாதிரித் தேர்வை எழுதி முடித்ததும், திருத்துவதற்கு முன்பே, எதிர்பார்க்கும் மதிப்பெண்ணைத் தாளின் மூலையில் குறித்துவையுங்கள். ஐந்து தேர்வு முடிந்ததும் வித்தியாசத்தைப் பாருங்கள். எப்போதும் கூடுதலாகவே எதிர்பார்க்கிறீர்களா, குறைவாகவே எதிர்பார்க்கிறீர்களா என்று தெரிந்துவிடும். தன்னைக் குறைத்து மதிப்பிடும் மாணவர்கள் நாம் நினைப்பதைவிட அதிகம். நல்ல வாய்ப்புகளுக்கு விண்ணப்பிக்காமலேயே விட்டுவிடுவதால் அவர்கள் யார் கண்ணிலும் படுவதில்லை.

"எனக்குக் கணக்கு வராது" என்ற நம்பிக்கையைத் தனியாகவே எடுத்துப் பேச வேண்டும். ராஸ், லெப்பர், ஹப்பார்ட் என்ற உளவியலாளர்கள் மூவரும் 1975இல் வெளியிட்ட ஆய்வில், உண்மைக் கடிதங்களையும் போலிக் கடிதங்களையும் பிரித்தறியும் சோதனை ஒன்றை வைத்து, பங்கேற்றவர்களுக்குப் பொய்யான முடிவுகளைச் சொன்னார்கள். பிறகு, "நாங்கள் சொன்னது முன்கூட்டியே தீர்மானித்தது, உங்கள் திறமைக்கும் அதற்கும் சம்பந்தமில்லை" என்று விளக்கியும் விட்டார்கள். அதற்குப் பிறகும், தோற்றதாகச் சொல்லப்பட்டவர்கள் தங்களைத் திறமை குறைந்தவர்களாகவே மதிப்பிட்டார்கள். ஆதாரம் போய்விட்டது, நம்பிக்கை மட்டும் நின்றுவிட்டது. ஏழாம் வகுப்பில் யாரோ சொன்ன ஒரு வார்த்தை உங்களிடம் இப்படித்தான் தங்கியிருக்கலாம்.

அதைச் சோதிக்க ஒரு வழி இருக்கிறது. அடிப்படைப் பாடம் ஒன்றிலிருந்து 20 கணக்குகளை எடுத்து, நேரம் குறித்துக்கொண்டு போடுங்கள். தவறான ஒவ்வொன்றின் பக்கத்திலும் காரணத்தை எழுதுங்கள்: கேள்வி புரியவில்லை, முறை தெரியவில்லை, கூட்டல் கழித்தலில் கவனக்குறைவு, நேரம் போதவில்லை. கவனக்குறைவும் நேரமும்தான் பெரும்பாலான தவறுகளுக்குக் காரணம் என்றால், உங்களுக்குக் கணக்கு வருகிறது, பயிற்சிதான் போதவில்லை. முறையே தெரியவில்லை என்றால், எந்த வகுப்புப் பாடத்தில் அது விட்டுப்போனது என்று பின்னோக்கிப் போய்ப் பிடிக்க வேண்டும்.

இனி மற்றவர்களின் கருத்து. இங்கே பெரும்பாலும் தவறுவது, கேட்கும் முறையில்தான். 1950களில் உளவியலாளர் சாலமன் ஆஷ் நடத்திய சோதனைகளில், கோடுகளின் நீளத்தை ஒப்பிடும் மிக எளிய கேள்வியைக் கேட்டார்கள். தனியாகப் பதில் சொன்னபோது தவறு 1 சதவீதத்துக்கும் குறைவு. சுற்றியிருந்தவர்கள் எல்லோரும், முன்பே பேசிவைத்தபடி, ஒரே தவறான பதிலைச் சொன்னபோது, பங்கேற்றவர்களின் பதில்களில் சுமார் 37 சதவீதம் தவறாகின. கூட்டத்தில் ஒரே ஒருவர் சரியான பதிலைச் சொன்னாலும் இந்தத் தவறுகள் நான்கில் ஒரு பங்காகக் குறைந்தன. கண்ணுக்கு முன்னால் இருக்கும் கோட்டுக்கே இந்தக் கதி என்றால், எதிர்காலம் பற்றிய பேச்சில் கூட்டம் நம்மை எவ்வளவு இழுக்கும்!

அதனால் யாரிடமும் கேட்பதற்கு முன் உங்கள் கருத்தைக் காரணத்தோடு பத்து வரி எழுதி, தேதி போட்டு வைத்துவிடுங்கள். எல்லோரையும் ஒன்றாக உட்காரவைத்துக் கேட்காதீர்கள், தனித்தனியாகக் கேளுங்கள். ஒவ்வொருவரிடமும் "இது உங்களுக்கு எப்படித் தெரியும்?" என்று பணிவாகக் கேட்டுவிடுங்கள். ஐந்து பேர் "அந்தத் துறையில் வேலையே இல்லை" என்பார்கள்; விசாரித்தால் நான்கு பேர் ஐந்தாமவரிடம் கேட்டதைத் திருப்பிச் சொல்லியிருப்பார்கள். அது ஐந்து கருத்து ஆகாது.

துறையில் இருப்பவரிடம் "இந்த வேலை நல்லதா?" என்று கேட்டால் அவரது அன்றைய மனநிலைதான் பதிலாக வரும். "போன செவ்வாய்க்கிழமை காலையிலிருந்து மாலைவரை என்னென்ன செய்தீர்கள்?" என்று கேளுங்கள். மூன்று பேரிடமாவது பேசுங்கள்: சேர்ந்து ஓரிரு வருடம் ஆனவர், பத்து வருடம் ஆனவர், விட்டுப் போனவர். பழையவர் சொல்லும் சேர்க்கை நிலவரம் அவர் காலத்தியது. புதியவருக்கு மேலே போகும் வழி தெரியாது. விட்டுப் போனவர் சொல்வதுதான் வேறு யாரும் சொல்லாதது.

எந்தத் துறை பொருந்தும் என்று கேள்வித்தாள் வைத்துச் சொல்லும் ஆர்வத் தேர்வு அறிக்கைகளைப் பற்றியும் ஒரு வார்த்தை. "அப்படியே என்னைச் சொல்கிறதே!" என்று தோன்றினாலே நம்பிவிடாதீர்கள். உளவியலாளர் பெர்ட்ராம் ஃபோரர் 1949இல் வெளியிட்ட சோதனையில், மாணவர்கள் எல்லோருக்கும் ஒரே குணநல வர்ணனையைக் கொடுத்தும், தங்களுக்குப் பொருந்துகிறது என்று அவர்கள் 5க்குச் சராசரியாக 4.26 போட்டார்கள். யாருக்கும் பொருந்தக்கூடிய வரிகளை அடித்துவிட்டு மிச்சத்தைப் படியுங்கள்.

பெற்றோருக்கு: "இது சரிவராது" என்று சொல்லும்போது, எது சரிவராது என்று பிரித்துச் சொல்லுங்கள். கட்டணமா, வேலைவாய்ப்பா, பிள்ளை தாக்குப்பிடிக்குமா என்ற பயமா? கட்டணம் என்றால் கணக்கைப் பிள்ளை முன்னாலேயே போடுங்கள். மொத்தச் செலவு, கடன், மாதத் தவணை எல்லாவற்றையும் தெரிந்துகொள்ளும் வயதுதான் அது. எடுத்த காரியத்தை முடிக்கும் பழக்கம் பிள்ளைக்கு இருக்கிறதா என்பதில் உங்கள் கணிப்பு பெரும்பாலும் மதிக்கத்தக்கது. துறையின் இன்றைய நிலவரத்தில் உங்கள் தகவல் பழையதாக இருக்கலாம், தயவுசெய்து விசாரித்துவிட்டுப் பேசுங்கள். வீட்டில் இதைப் பற்றிப் பேசும்போது பிள்ளை முதலில் பேசட்டும். நீங்கள் முதலில் பேசினால் அதன் பிறகு கிடைப்பது பெரும்பாலும் உங்கள் கருத்தின் எதிரொலிதான்.

இத்தனைக்கும் பிறகு சந்தேகம் இருந்தால் சிறிய அளவில் செய்து பார்ப்பதே நல்லது. தினம் ஒரு மணி நேரம், வாரம் ஐந்து நாள், மூன்று வாரம். மொத்தம் 15 மணி நேரம். தொடங்கும் முன்பே, எது நடந்தால் மனதை மாற்றிக்கொள்வேன் என்று எழுதிவையுங்கள். உதாரணமாக, உடல்நலக் குறைவு போன்ற காரணம் இல்லாமல் 15 நாளில் பத்து நாள்கூட உட்காரவில்லை என்றால் விருப்பத்தை மறுபரிசீலனை செய்வேன் என்று. முடிவு தெரிந்த பிறகு நிபந்தனையை மாற்றுவதுதான் எல்லோரும் செய்யும் தப்பு. முதல் வாரத்தை வைத்துத் தீர்ப்பும் எழுதாதீர்கள். அப்போது தெரியும் தடுமாற்றம் எந்தப் புது வேலையிலும் இருப்பதுதான்.

விண்ணப்பக் கெடு வந்தும் இரண்டும் சமமாகத் தோன்றினால், எதில் சேர்ந்தால் பின்னால் மற்றதற்கு மாறுவது எளிது என்று பாருங்கள். முதல் ஆண்டில் பொதுவான பாடங்கள் எத்தனை, பிரிவு மாற எந்தத் தேதிவரை அனுமதி, விலகினால் கட்டணத்தில் எவ்வளவு திரும்பக் கிடைக்கும்: இந்த மூன்றையும் சேர்வதற்கு முன்பே நிர்வாகத்திடம் எழுத்துமூலமாகக் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள்.