ஓவியம் படிக்கும் மகள் நடிக்கவும் போனால்?

அம்மா, ஓவியக் கல்லூரியில் படிக்கும் உங்கள் மகள் மேடையிலும் நடிக்கிறாள், ‘ஆற்றில் ஒரு கால், சேற்றில் ஒரு கால்’ ஆகிவிடுமோ என்று கேட்டிருக்கிறீர்கள். நியாயமான பயம்தான். கிரீஸ் நாட்டு மேடை இயக்குநர் திமித்ரிஸ் பப்பாயோவானூ இரண்டையும் வைத்து எப்படி வளர்ந்தார் என்று பாருங்கள்.

1964-ல் ஏதென்ஸில் பிறந்தவர். சின்ன வயதிலேயே யானிஸ் சாருகிஸ் என்ற பெரிய ஓவியரிடம் கற்றுக்கொண்டார். அப்புறம் ஏதென்ஸ் நுண்கலைக் கல்லூரி. கூடவே காமிக்ஸும் வரைந்தார். 1986-ல் தோழி ஒருவரோடு சேர்ந்து ‘எடாஃபோஸ்’ என்ற நடன நாடகக் குழுவைத் தொடங்கினார். இயக்கியதும் அவர், மேடையேறியதும் அவர். குழு 2002 வரை நடந்தது. உலகம் முழுக்க அவர் பெயர் தெரிந்தது 2004 ஏதென்ஸ் ஒலிம்பிக் தொடக்க விழாவில்தான். குழுவை நடத்திய அந்தப் பதினாறு வருஷத்தைத்தான் பெற்றோர் கவனிக்க வேண்டும்.

அந்த விழாவில் மைதானத்தின் நடுவே ஒரு குளமே இருந்தது. கிரேக்கச் சிலைகளும் சுவரோவியங்களும் உயிர்பெற்று வந்ததுபோல் மனிதர்கள் வண்டிகளில் அசையாமல் நின்றபடி ஊர்வலம் போனார்கள். சிலையை வரைந்து பழகிய கண்ணும், மேடையில் நின்று பழகிய உடம்பும் சேர்ந்தால்தான் இப்படி ஒன்று தோன்றும். 2012-ல் அவர் மறுபடியும் தானே மேடையேறினார். கறுப்பு கோட்டு சூட்டில் அவர், கூட இன்னொரு கலைஞர், அவ்வளவுதான் ஆட்கள். ஒருவர் உடம்பு எங்கே முடிகிறது, மற்றவருடையது எங்கே தொடங்குகிறது என்று கண்ணே குழம்பும்.

இனி பண விஷயத்துக்கு வருகிறேன். கிரேக்க மொழி பேசுகிறவர்கள் சுமார் ஒன்றரைக் கோடிப் பேர்கூட இல்லை. ஆனால் அவருடைய படைப்புகளில் வசனம் அநேகமாகக் கிடையாது, காட்சிதான் பேசும். அதனால் மொழிபெயர்ப்புத் தொல்லை இல்லாமல் ஊர் ஊராகப் போக முடிகிறது. பல நாட்டு அரங்குகளும் விழாக்களும் செலவைப் பங்குபோட்டுக்கொள்கின்றன. 2018-ல் ஜெர்மனியின் புகழ்பெற்ற வூப்பர்டால் நடனக் குழுவே அவரை அழைத்துப் புதுப் படைப்பு செய்யச் சொன்னது.

சரி, உங்கள் மகளுக்கு. படிப்பைப் பாதியில் விட வேண்டாம். வரைகிற கைதான் அவளுக்கு முதல். மேடை அமைப்பு, உடை வடிவமைப்பு, புத்தகங்களுக்குப் படம் வரைவது என்று ஆரம்ப வருஷங்களில் சம்பாதிக்க வழி அதில்தான் இருக்கிறது. நடிப்பில் யாராவது கூப்பிடட்டும் என்று காத்திருக்காமல், நாலைந்து நண்பர்களோடு பத்து நிமிடப் படைப்பு ஒன்றைச் செய்யட்டும், வீடியோ எடுத்து வைக்கட்டும். அவள் ஆசை சினிமா நட்சத்திரம் ஆவதென்றால் அது வேறு பாதை, இந்த யோசனை அதற்குப் பொருந்தாது. எதை விரும்புகிறாள் என்று இந்த வாரமே உட்கார வைத்துக் கேளுங்கள். பதில் தெரிந்ததும், அவள் வரைந்ததில் பிடித்த இருபது படங்களையும் அந்த வீடியோவையும் எடுத்துக்கொண்டு இரண்டு பேரும் வாருங்கள்.