கடைசி வரியை மட்டும் வாசிப்பவர்கள்

அன்புள்ள ஆசிரியருக்கு,

அங்கதம் பற்றிய உங்கள் கட்டுரையில் ஜெர்மன் எழுத்தாளர் ஹெங்காமே யாகூபிஃபராவின் பெயர் ஒரு வரியில் வந்துபோனது. நான் ஸ்டுட்கார்ட் பக்கம் வசிக்கிறேன், ஜெர்மன் ஓரளவு வாசிப்பேன். இந்தப் பெண்மணியைப் பற்றி இங்கே யாரைக் கேட்டாலும் "போலீஸ்காரர்களைக் குப்பை என்று எழுதியவள்" என்பதோடு முடித்துக்கொள்கிறார்கள். ஒரு தொழிலில் இருக்கும் அத்தனை பேரையும் குப்பைமேட்டுக்கு அனுப்பச் சொல்வது எப்படி அங்கதம் ஆகும்? நாளைக்கு அகதிகளைப் பற்றி ஒருவர் இப்படி எழுதினால் ஒப்புக்கொள்வோமா? இன்னொன்றும் கேட்க வேண்டும். நானும் ஒரு நண்பரும் அவருடைய முதல் நாவலைத் தமிழுக்குக் கொண்டுவர நினைக்கிறோம். எங்கெல்லாம் கவனமாக இருக்க வேண்டும்?

ர.,
ஜெர்மனி

அன்புள்ள ர.,

முதலில் ஒரு சின்னத் திருத்தம். யாகூபிஃபரா ஆண், பெண் என்ற இரண்டு கட்டங்களுக்குள்ளும் தன்னை வைத்துக்கொள்ளாதவர். ஜெர்மனில் இதை எழுதுவது பெரும்பாடு. 'எர்' (அவன்), 'ஸீ' (அவள்) இரண்டையும் தவிர்க்கப் பெயரையே திரும்பத் திரும்பச் சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் ஆங்கிலத்தின் 'தே'யைக் கடன் வாங்க வேண்டும். நமக்கு அந்தத் தொல்லை இல்லை. 'அவர் எழுதினார்' என்றால் முடிந்தது. மரியாதையும் பால் சுட்டாமையும் ஒரே விகுதியில் நமக்குக் கிடைத்திருக்கும்போது 'பெண்மணி', 'அவள்' என்று ஏன் போக வேண்டும்? குயர் என்று எழுதுங்கள், பால்புதுமையர் என்று எழுதுங்கள், அது உங்கள் விருப்பம். இந்த 'அவர்' மட்டும் மாற வேண்டாம்.

இனி, காவலர்களைப் பற்றி அவர் எழுதிய அந்த நாளிதழ்ப் பத்தி. 2020 ஜூன் 15 அன்று பெர்லினிலிருந்து வரும் 'டாட்ஸ்' நாளிதழில் வெளியானது. 'ஹபிபிடுஸ்' என்பது அவருடைய பத்தித் தொடரின் பெயர். 'ஹபிபி' அரபியில் 'கண்ணே' என்பது போன்ற செல்லச் சொல். 'ஹாபிடுஸ்' பிரெஞ்சுச் சமூகவியலாளர் பூர்தியூவின் சொல்லாட்சி: பிறந்து வளர்ந்த வர்க்கம் ஒருவருடைய நடையிலும் ருசியிலும் பேச்சிலும் ஊறிக் கிடப்பதைக் குறிப்பது. தெருவின் கொஞ்சலும் பல்கலைக்கழகத்தின் கலைச்சொல்லும் ஒரே சொல்லுக்குள் மோதுகின்றன. அவருடைய எழுத்து முறைக்கே இது முகவரி.

பத்தியின் தலைப்பு 'ஆல் காப்ஸ் ஆர் பெரூஃப்ஸ்உன்ஃபேஹிக்', அதாவது 'காவலர்கள் அனைவரும் தொழில் செய்ய இயலாதவர்கள்'. சுவர்களில் நீங்கள் பார்த்திருக்கும் 'ஏ.சி.ஏ.பி.' என்ற நான்கெழுத்து முழக்கத்தின் கடைசிச் சொல் ஒரு வசை. அந்த வசையை எடுத்துவிட்டு, அதே எழுத்தில் தொடங்கும் ஓர் அலுவலகச் சொல்லை வைத்திருக்கிறார். அது காப்பீட்டுத் தாள்களில் வரும் சொல். உடல்நலக் குறைவால் ஒருவர் தன் தொழிலைக் குறைந்தது ஆறு மாதத்துக்கு, பாதியளவுகூடச் செய்ய முடியாமல் போனால் வழக்கமான ஜெர்மன் காப்பீட்டு ஒப்பந்தங்கள் அவரை இந்தச் சொல்லால்தான் குறிக்கும். கெட்ட வார்த்தையை எதிர்பார்த்து வாயைத் திறக்கும் வாசகருக்கு மருத்துவச் சான்றிதழின் மொழி கிடைக்கிறது. நகைச்சுவை இந்த இடமாற்றத்தில் இருக்கிறது.

உள்ளே போனால் ஒரு கற்பனை நிபந்தனை: காவல்துறை கலைக்கப்பட்டுவிட்டது, முதலாளித்துவம் அப்படியே இருக்கிறது. ஆகவே சுமார் இரண்டரை லட்சம் பேருக்கு வேறு வேலை பார்த்துக் கொடுக்க வேண்டும். கதைசொல்லி வேலைவாய்ப்பு அலுவலகத்து குமாஸ்தாவைப் போல ஒவ்வொரு தொழிலாக எடுத்து, 'அங்கே போனால் இன்னொரு மனிதர்மேல் இவர்களுக்கு அதிகாரம் வந்துவிடுமே' என்று தள்ளிக்கொண்டே வருகிறார். எதுவும் மிஞ்சாமல் கடைசியில் குப்பைக் கிடங்கு வருகிறது. அங்கேயும் ஒரு நிபந்தனை, இதைத்தான் பலரும் கவனிக்கவில்லை: வீடுகளின் சாவி வைத்திருக்கும் குப்பை எடுக்கும் தொழிலாளர்களாக வேண்டாம், மேட்டின் மேலேயே இருக்கட்டும். பெர்லினில் குப்பைத் தொட்டிகள் பெரும்பாலும் அடுக்ககங்களின் உள்முற்றத்தில் இருக்கும். எடுப்பவரிடம் வாசல் சாவி இருக்க வேண்டும். அந்தச் சாவியைக்கூடக் கொடுக்கத் தயங்குகிற பயம்தான் பத்தியின் முதுகெலும்பு.

அதற்குப் பிறகு வருவது கடைசி வாக்கியம்: தம் இனத்தார் நடுவே இருப்பது அவர்களுக்கும் இதமாகத்தான் இருக்கும் என்ற பொருளில். இதைப் பலவீனமான வாக்கியம் என்றே நான் கருதுகிறேன். அதுவரை பத்தி பேசியது அதிகாரத்தைப் பற்றி. இங்கே அதிகாரத்தைக் கைவிட்டு அருவருப்பைப் பற்றிக்கொள்கிறது. சாவியோடு நிறுத்தியிருந்தால் இன்னும் ஆழமாகக் குத்தியிருக்கும். 'டாட்ஸ்' ஆசிரியர் குழுவுக்குள்ளேயே இந்த வாக்கியத்தைப் பற்றிக் கருத்து வேறுபாடு எழுந்து, இரண்டு தரப்பும் அதே நாளிதழில் வெளிப்படையாக எழுதின. இதை எதிர்ப்பவர்கள் எல்லாரும் வலதுசாரிகள் என்று நினைக்க வேண்டாம்.

ஆனால் நடந்தது இலக்கிய விவாதம் இல்லை. கடைசி வாக்கியம் மட்டும் நறுக்கி எடுக்கப்பட்டுப் பரவியது. நிபந்தனை போயிற்று, சாவி போயிற்று, தலைப்பின் சிலேடையும் போயிற்று. அமெரிக்காவில் ஜார்ஜ் ஃப்ளாய்ட் என்ற கறுப்பினத்தவர் மே 25 அன்று காவலர் ஒருவரால் கொல்லப்பட்டு மூன்று வாரமே ஆகியிருந்தது என்பதும் போயிற்று. காவலர் சங்கங்கள் புகார் கொடுத்தன. ஜூன் 20 இரவு உங்கள் ஸ்டுட்கார்ட்டில் காவலர்களைத் தாக்கிய கலவரம். மறுநாளே உள்துறை அமைச்சர் ஹோர்ஸ்ட் ஸேஹோஃபர், தானே அந்தப் பத்தியாளர்மேல் குற்றவியல் புகார் கொடுக்கப்போவதாக 'பில்ட்' நாளிதழில் அறிவித்தார். சொல் கட்டவிழ்ந்தால் செயலும் கட்டவிழும் என்பது அவருடைய வாதம். கலவரத்துக்கும் பத்திக்கும் முடிச்சுப் போட்டாயிற்று. ஜூன் 25-இல், அதிபர் மெர்க்கெலுடன் பேசிய பிறகு, புகார் இல்லை என்று பின்வாங்கினார். அதற்குள் எழுதியவருக்கு மிரட்டல்கள் வந்து குவிந்திருந்தன. கூட்டாட்சிக் காவல்துறையின் மேலதிகாரியான அமைச்சரே ஓர் எழுத்தாளரைக் கைகாட்டுவது சாதாரண விஷயம் இல்லை. எனக்கு இதில் இன்றைக்கும் கோபம் இருக்கிறது.

சட்டம் என்ன சொல்கிறது என்று பார்ப்போம். ஜெர்மனியில் இதற்குத் தொண்ணூறு வருட வரலாறு உண்டு. 1931-இல் குர்ட் துகோல்ஸ்கி 'வெல்ட்பூனே' வார இதழில், படைவீரர்கள் கொலைகாரர்கள் என்று எழுதினார். இதழாசிரியர் கார்ல் ஃபொன் ஒஸியெட்ஸ்கிமேல் ராணுவத்தை அவமதித்ததாக வழக்கு. 1932-இல் விடுதலை: 'படைவீரர்கள்' என்ற பொதுச்சொல் குறிப்பிட்ட எவரையும் சுட்டவில்லை என்பதுதான் காரணம். அதே வாக்கியத்தைப் பயன்படுத்திய வேறு பலரின் வழக்குகளில் அரசியலமைப்பு நீதிமன்றம் 1995-இல் பேச்சுரிமையின் பக்கம் நின்றது. 2015-இல் ஒரு சட்டை வில்லையில் இருந்த போலீஸ் எதிர்ப்பு எழுத்துகள், 2016-இல் கால்பந்து மைதானத்துக்கு ரசிகர்கள் கொண்டுவந்த அதே 'ஏ.சி.ஏ.பி.'. இரண்டிலும் தண்டனைகள் செல்லாமல் போயின. ஆள் எண்ணிப் பிரிக்கக்கூடிய சிறு குழுவைச் சுட்டினால்தான் ஜெர்மன் தண்டனைச் சட்டத்தின் 185-ஆம் பிரிவின்படி அவமதிப்பு. நாடு முழுக்க இருக்கும் காவலர்கள் அத்தனை பேரையும் சொன்னால் அது யாரையும் தனியாகத் தொடாது. யாகூபிஃபரா விஷயத்திலும் பெர்லின் அரசு வழக்கறிஞர் அலுவலகம் விசாரணை தொடங்க மறுத்துவிட்டது. பத்திரிகை மன்றத்துக்கு 382 புகார்கள் போயின. செப்டம்பர் 8 அன்று அத்தனையையும் அது நிராகரித்தது.

அகதிகளைப் பற்றி இப்படி எழுதினால் என்று கேட்டிருந்தீர்கள். பதில் அந்த மன்றத்தின் வாதத்திலேயே இருக்கிறது. காவல்துறை அரசு அதிகாரத்தின் ஓர் உறுப்பு, ஆகவே கடுமையான விமர்சனத்தைத் தாங்கியாக வேண்டும். அதோடு, காவலர் என்பது ஒருவர் தேர்ந்தெடுக்கும் தொழில். மாலையில் சீருடையைக் கழற்றி மாட்டிவிடலாம். அகதியின் நிலையை யாரும் தேர்ந்தெடுப்பதில்லை, கழற்றி மாட்டவும் முடியாது. அவர்களை அப்படி இழிவுபடுத்தினால் அது வெறுப்பைத் தூண்டுவதற்கான 130-ஆம் பிரிவின் எல்லைக்குள் போகக்கூடும். இரண்டும் ஒரே தராசில் நிற்காது.

இந்தக் கோபம் எங்கிருந்து வருகிறது என்று தெரியாமல் நாவலுக்குள் போகக் கூடாது. அவர் 1991-இல் கீல் நகரத்தில் ஈரானியப் பெற்றோருக்குப் பிறந்தவர். ஜெர்மன் மண்ணில் பிறப்பதே குடியுரிமைக்கு ஒரு வழி என்ற சட்டம் 2000 ஜனவரி 1-இல்தான் வந்தது, அதுவும் பெற்றோரின் வசிப்புக் காலத்தோடு கட்டிப்போட்டு. அதற்கு முன் வெளிநாட்டுப் பெற்றோருக்குப் பிறந்த குழந்தை, பிறந்த ஊரிலேயே வெளிநாட்டவர். 1992 நவம்பரில் மோல்ன் ஊரில் துருக்கியக் குடும்பங்களின் வீடுகளுக்குத் தீ வைத்ததில் மூன்று பேர் இறந்தார்கள். 1996 ஜனவரியில் லூபெக் அகதிகள் இல்லத் தீயில் பத்துப் பேர். என்.எஸ்.யு. என்ற நவநாஜிக் கும்பல் 2000 முதல் 2007 வரை பத்துப் பேரைக் கொன்றது. அவர்களில் ஒன்பது பேர் புலம்பெயர்ந்த குடும்பங்களைச் சேர்ந்தவர்கள், பத்தாமவர் ஒரு பெண் காவலர். 2011 நவம்பரில் உண்மை வெளியாகும்வரை விசாரணையாளர்கள் இறந்தவர்களின் குடும்பங்களையே சந்தேகித்துக்கொண்டிருந்தார்கள். இரண்டரை லட்சம் பேருக்கு ஒரு சாவிகூடத் தரமாட்டேன் என்பதை இவற்றோடு சேர்த்துத்தான் வாசிக்க வேண்டும்.

2018-இல் ஸேஹோஃபரின் அமைச்சகத்தின் பெயரோடு, சொந்த மண் என்பது போன்ற பொருள்கொண்ட 'ஹைமாட்' என்ற சொல் சேர்க்கப்பட்டது. அதற்கு எதிர்வினையாக 2019-இல் ஃபாத்மா அய்டெமிரும் யாகூபிஃபராவும் தொகுத்த கட்டுரைத் தொகுப்பில் பதினான்கு எழுத்தாளர்கள். 'உங்கள் ஹைமாட் எங்கள் கொடுங்கனவு' என்று தலைப்பைச் சொல்லலாம். 'ஹைமாட்' என்ற சொல்லை மட்டும் அவசரப்பட்டு மொழிபெயர்த்துவிடாதீர்கள். 'சொந்த ஊர்' என்றால் அரசியல் போய்விடும். 'தாயகம்' என்றால் ஈழத்தமிழ் வாசகருக்கு அது இழந்த மண்ணைக் குறிக்கும், இங்கே பொருள் தலைகீழ்: பெரும்பான்மையினர் தம் வாசலில் மாட்டும் பலகை. 'ஹைமாட்' என்றே எழுதி, முதல் தடவை வரும்போது ஒரு வரியில் விளக்குங்கள்.

நாவலுக்கு வருவோம். 'மினிஸ்டேரியும் டெர் ட்ராய்மே', கனவுகளின் அமைச்சகம். 2021-இல் ஆஃப்பாவ் பதிப்பகத்தின் ப்ளூமென்பார் வெளியீடு. நஸ்ரின் என்ற நாஸ், பெண்களைக் காதலிப்பவர். பெர்லினில் ஒரு குயர் மதுவிடுதியின் வாசலில் நின்று ஆட்களை உள்ளே விடுபவர். சகோதரி நூஷின் கார் விபத்தில் இறந்துவிட்டதாகச் செய்தி வருகிறது. விபத்துதானா என்று நாஸால் நம்ப முடியவில்லை. நூஷினின் பதின்வயது மகள் பர்வின் அவர் பொறுப்பில் வந்து சேர்கிறாள். துப்பறியும் கதையின் இழுவை, அடியில் லூபெக்கில் கழிந்த பிள்ளைப்பருவம்.

இந்த நாவலில் நான் மிகவும் மதிப்பது நாஸின் வேலை. யார் உள்ளே வரலாம் என்று தீர்மானிப்பவர் அவர். ஒரு சாவி அவர் கையிலும் இருக்கிறது. பத்தியில் 'அவர்களுக்கு அதிகாரம் கூடாது' என்று தீர்ப்பாக நின்றது, நாவலில் 'எனக்கு இருக்கும் இந்தச் சின்ன அதிகாரத்தை நான் என்ன செய்கிறேன்' என்ற கேள்வியாக மாறுகிறது. பத்தியை வைத்து நாவலைத் தள்ளிவிடுபவர்கள் இழப்பது இதைத்தான்.

மொழிபெயர்ப்பில் முதலில் இடறப்போவது உறவுச்சொல். ஜெர்மனில் எல்லா அத்தைகளும் 'டான்டே'. பாரசீகத்தில் தாயின் சகோதரி 'காலே', தந்தையின் சகோதரி 'அம்மே', அதாவது நம்மைப் போலவே பிரித்துப் பார்ப்பவர்கள். தமிழ் இன்னும் ஒரு படி மேலே போய்ப் பெரியம்மாவா சித்தியா என்று கேட்கும். சகோதரிகளில் யார் மூத்தவர் என்பதை முதல் பக்கத்திலேயே குறித்து வைத்துக்கொள்ளுங்கள். 'ஆன்ட்டி' என்று ஒப்பேற்றினால் நாவலின் இதயமே நழுவிவிடும். அடுத்தது பேச்சு. பாரசீகச் சொற்களையும் ஆங்கிலக் கொச்சையையும் ஒரே மாதிரித் தமிழாக்கித் தட்டையாக்க வேண்டாம். நாஸுக்கு ஒரு பேச்சு, பர்வினுக்கு ஒரு பேச்சு. பாரசீகம் பாரசீகமாகவே நிற்கட்டும், சூழலே பொருள் சொல்லும்.

பத்தியையும் பின்னிணைப்பாகச் சேர்ப்பதென்றால் ஓர் எச்சரிக்கை. தமிழில் குப்பை என்றதும் சாதி உள்ளே வந்துவிடும். 'குப்பை அள்ளப் போகட்டும்' என்று எழுதினால் தூய்மைப் பணியாளர்களை இழிவு செய்யும் வாக்கியமாகிவிடும். மூலமோ அந்த வேலையைத் தெளிவாக விலக்கி வைத்திருக்கிறது. 'குப்பை எடுப்பவர்களாக வேண்டாம்' என்ற அந்தப் பகுதியை எக்காரணம் கொண்டும் சுருக்கக் கூடாது.

முழு நாவலையும் மொழிபெயர்த்துவிட்டு உரிமை கேட்கப் போகாதீர்கள். இருபது பக்கம் மாதிரி செய்யுங்கள். அதைக் காட்டி ஒரு தமிழ்ப் பதிப்பாளரைப் பிடியுங்கள், அவர் வழியாக ஆஃப்பாவ் பதிப்பகத்தின் உரிமைப் பிரிவுக்கு எழுதுங்கள். கோதே நிறுவனத்தின் மொழிபெயர்ப்பு நல்கைக்கு விண்ணப்பிக்க வேண்டியது பதிப்பகம்தான், மொழிபெயர்ப்பாளர் அல்ல. மாதிரிக்கு, நாஸ் வாசலில் நிற்கும் ஒரு காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். முடிந்ததும் எனக்கு அனுப்புங்கள், வரி வரியாகப் பார்த்துச் சொல்கிறேன்.