கேம் வாங்க முதல் ஆடிப் பார்க்கலாமா?

டிவியில் பூட்டி கேம் ஆடும் கன்சோலுக்கு மாதச் சந்தா கட்டினால் ‘ட்ரயல்’ என்று காட்டுகிறார்களே, அது என்ன? முழு விளையாட்டையும் தந்துவிட்டு, ஆடும் நேரத்துக்கு மட்டும் எல்லை வைப்பதுதான். 2022 இல் வந்த, சோனியின் பிளேஸ்டேஷன் பிளஸ் பிரீமியம் சந்தாவில் பல விளையாட்டுகளுக்கு 2 மணி நேரம்; இஏ என்ற கேம் நிறுவனத்தின் சந்தாவான இஏ பிளேயில் சில புதியவற்றுக்கு 10 மணி நேரம் வரை.

ஏன் தருகிறார்கள்? டிஜிட்டல் விளையாட்டை வாங்கி ஆடத் தொடங்கிவிட்டால் பணம் திரும்பக் கிடைப்பது அரிது. அந்தப் பயத்தில் வாங்காமல் போகிறவர்களைப் பிடிக்கத்தான். திருநெல்வேலிச் சந்தையில் பலாப்பழம் விற்பவர் வாங்க முதல் ஒரு சுளை தருவாரே, அதே கணக்கு. பிடித்து வாங்கினால், பெரும்பாலும் விட்ட இடத்திலிருந்தே தொடரலாம்.

ஒரு தொல்லை: 2 மணி நேரம் ஆடவும் பெரும்பாலும் முழுவதையும் பதிவிறக்க வேண்டும். பெரிய விளையாட்டென்றால் 80, 100 ஜிபி சாதாரணம். இரவு டேட்டா உள்ள பொதியென்றால் படுக்கப் போகும்போது போட்டுவிடுங்கள், பகல் டேட்டாவில் கை வைக்காதீர்கள்.

அப்புறம், சந்தா கட்டுவதால் ட்ரயல் முடிந்தும் ஆடலாம் என்று பலர் நினைக்கிறார்கள். இல்லை, நேரம் முடிந்ததும் பூட்டிவிடும், மீதியை ஆட அந்த விளையாட்டைத் தனியாகத்தான் வாங்க வேண்டும்.