பிடித்து வைத்த சரக்கை மீட்பது எப்படி? ஜிஎஸ்டி கேள்வி-பதில்

கேள்வி: ஈரோட்டிலிருந்து பெங்களூருக்கு அனுப்பிய துணி பேல்களை வழியில் பறக்கும் படை பிடித்துவிட்டது. உயர் நீதிமன்றத்துக்குப் போனால் உடனே விட்டுவிடுவார்கள் என்கிறார் நண்பர். போகலாமா?

பதில்: அவசரப்பட வேண்டாம். ஜிஎஸ்டி சட்டத்தின் 129-வது பிரிவிலேயே சரக்கை மீட்க வழி இருக்கிறது. 2022 ஜனவரி 1 முதல், உரிமையாளர் முன்வந்தால் வரியைப் போல இரண்டு மடங்கு அபராதம். முன்வராவிட்டால் சரக்கின் மதிப்பில் பாதி அல்லது வரியின் இரண்டு மடங்கு, எது அதிகமோ அது. உங்கள் சரக்கு 10 லட்சம், வரி 5 சதவீதம் என்று வையுங்கள். நீங்கள் போய் நின்றால் 1 லட்சம்; யாருமே போகாவிட்டால் 5 லட்சம். அதனால் முதலில் போய் நில்லுங்கள். பில் வண்டியில் இருந்தால், அனுப்பியவரையோ பெறுபவரையோ உரிமையாளராகக் கருத வேண்டும் என்று 2018 டிசம்பர் 31 சுற்றறிக்கை சொல்கிறது. பணமாகக் கட்ட முடியாவிட்டால் அதே தொகைக்கு பேங்க் கேரண்டி கொடுத்தும் எடுக்கலாம்.

அப்பீல் வழி இருக்கும்போது, நேரடியாக உயர் நீதிமன்றத்தில் போடும் ரிட் மனுவை ஏற்கக் கூடாது என்று கமர்ஷியல் ஸ்டீல் வழக்கில் 2021-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அடிப்படை உரிமை மீறல், உங்கள் தரப்பைக் கேட்காமல் உத்தரவு, அதிகார வரம்பு மீறல், சட்டத்தின் செல்லுபடியையே எதிர்ப்பது ஆகியவை விதிவிலக்கு. உங்கள் வழக்கு இதில் ஒன்றில் பொருந்தினால் தாராளமாகப் போங்கள்.

கேள்வி: பிடித்துப் பத்து நாள் ஆகிறது, நோட்டீஸே வரவில்லை.

பதில்: பிடித்த 7 நாளுக்குள் நோட்டீஸ், அது கைக்கு வந்த 7 நாளுக்குள் உத்தரவு. சட்டம் போட்ட கெடு இது. கெடு தாண்டியதற்காகவே சரக்கை விடுவித்த உயர் நீதிமன்றத் தீர்ப்புகள் உண்டு. இங்கே ரிட் மனுவுக்கு வலு இருக்கிறது. பிடித்த உத்தரவான எம்ஓவி-06-இல் உள்ள தேதியைப் பத்திரப்படுத்துங்கள். உங்கள் வழக்கே அந்தத் தேதியில்தான் நிற்கும்.

கேள்வி: சரக்கு அனுப்ப இணையத்தில் எடுக்கும் சீட்டான இ-வே பில்லில் லாரி எண்ணில் ஒரு எழுத்து தவறு. இதற்குமா இரண்டு மடங்கு?

பதில்: இல்லை. ஓரிரு எழுத்து, எண் பிழைக்கு 129-ஐ எடுக்கக் கூடாது என்கிறது 2018 செப்டம்பர் 14 சுற்றறிக்கை. மத்திய, மாநிலச் சட்டங்களின் கீழ் தலா 500 ரூபாய்தான். சுற்றறிக்கையின் நகலைக் கையோடு கொண்டு போங்கள்.

கேள்வி: போக்குவரத்து நெரிசலில் லாரி சிக்கி இ-வே பில் காலாவதியாகிவிட்டது. வரி ஏய்ப்பு என்கிறார்கள்.

பதில்: சத்யம் சிவம் பேப்பர்ஸ் வழக்கைப் படியுங்கள். அதிலும் நெரிசலில் வண்டி சிக்கி பில் காலாவதியானது. வரியும் அபராதமுமாக 69,000 ரூபாய் வாங்கினார்கள். காலாவதியானதை மட்டும் வைத்து ஏய்ப்பு என்று ஊகிக்க முடியாது என்றது தெலங்கானா உயர் நீதிமன்றம். துறை மேல்முறையீடு செய்ய, 2022 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அதைத் தள்ளி, வழக்குச் செலவாக மேலும் 59,000 ரூபாய் தரச் சொன்னது. சிறு வியாபாரிகள் எல்லோரும் தெரிந்துவைத்திருக்க வேண்டிய தீர்ப்பு இது.

ஆனால் தாமதத்துக்குச் சான்று வேண்டும். மெக்கானிக் ரசீது, டோல் சீட்டு, டிரைவர் அனுப்பிய படம், எதையும் தூக்கிப் போடாதீர்கள். முடிந்தால் காலாவதிக்கு முன்னும் பின்னும் உள்ள 8 மணி நேரத்துக்குள் பில்லை நீட்டித்துவிடுங்கள்.

கேள்வி: வேறு வழியில்லாமல் அபராதம் கட்டிச் சரக்கை எடுத்துவிட்டோம். இனி அப்பீல் முடியுமா?

பதில்: முடியும். பணம் கட்டியதும் நடவடிக்கை முடிந்தது என்று சொல்லி, உத்தரவே போடாமல் விடும் வழக்கம் இருந்தது. உத்தரவு இல்லாமல் எதை எதிர்த்து அப்பீல் போவது? 2025 ஜூலையில் ஏஎஸ்பி டிரேடர்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைச் சரிசெய்தது: பணம் கட்டியிருந்தாலும் காரணம் சொல்லி எம்ஓவி-09 என்ற இறுதி உத்தரவு போட்டே ஆக வேண்டும். எனவே கட்டும்போதே ஆட்சேபத்தை எழுத்தில் கொடுத்து உத்தரவைக் கேட்டு வாங்குங்கள். கையில் வந்ததிலிருந்து 3 மாதம் அவகாசம். அபராதத்தில் 10 சதவீதம் கட்டியிருக்க வேண்டும் என்பது நிபந்தனை; 2025 செப்டம்பர் வரை இது 25 சதவீதமாக இருந்தது.