தயாரிப்பாளர் என்று யார் பெயரைப் போடுவது?

கேள்வி: கைத்தறி நெசவாளர்களைப் பற்றி நானே எழுதி இயக்கி, என் சேமிப்பிலிருந்து 48 நிமிட ஆவணப்படம் எடுத்திருக்கிறேன். வெளிநாட்டு விழாக்களுக்கும் ஓடிடிக்கும் கொண்டுபோகிறேன் என்கிறார் ஒருவர். ஆனால் தயாரிப்பாளர் என்று தன் பெயரைப் போட வேண்டுமாம். கையெழுத்துப் போடலாமா?

பதில்: போடாதீர்கள். 1957-ம் ஆண்டு காப்பிரைட் சட்டப்படி திரைப்படத்தின் ‘ஆசிரியர்’ (உரிமை முதலில் யாருக்குச் சேருமோ அவர்) இயக்குநர் அல்ல, தயாரிப்பாளர். அதாவது, படமெடுக்க முன்கை எடுத்துப் பொறுப்பேற்றவர். இன்று அது நீங்கள்தான். கேமரா வாடகை ரசீது, எடிட்டிங் பில், ஒளிப்பதிவாளருக்கு வங்கி வழியே போன சம்பளம் எல்லாம் அதற்குச் சாட்சி. டைட்டிலிலும் சென்சார் விண்ணப்பத்திலும் அவர் பெயர் ஏறிவிட்டால், இந்த ரசீதுகளைத் தூக்கிக்கொண்டு நீங்கள்தான் கோர்ட்டுக்கு அலைய வேண்டும்.

இந்தத் தரகர்களின் ஒப்பந்தங்களில் ‘நிரந்தரமாக, உலகம் முழுவதும்’ என்ற வரி தவறாமல் இருக்கும். காலம் குறிப்பிடாவிட்டால், நீங்கள் எழுதிக்கொடுக்கும் உரிமை 5 ஆண்டுகளுக்குத்தான். இடம் குறிப்பிடாவிட்டால் இந்தியாவுக்குள் மட்டும்தான். சட்டம் தரும் அந்தப் பாதுகாப்பைப் பறிக்கத்தான் அந்த வரி. அடித்துவிட்டு, 2 ஆண்டு, இன்னின்ன தளங்கள், பணம் வந்த பிறகே கமிஷன் என்று எழுதச் சொல்லுங்கள். முன்பணம் கேட்டால் பேச்சை நிறுத்திவிடுங்கள். விழாக்களுக்கு ஃபிலிம்ஃப்ரீவே என்ற இணையதளம் வழியாக நீங்களே அனுப்பலாம்.

ஒரு விஷயம் மட்டும் யோசித்துப் பாருங்கள். படத்தை எடுக்கச் சொல்லி ஏதாவது சங்கமோ தொண்டு நிறுவனமோ பணம் கொடுத்ததா? அப்படியானால், வேறு ஒப்பந்தம் இல்லாதபட்சத்தில், முதல் உரிமையாளர் அவர்கள்தான். மீதிக்குக் கைக்காசு போட்டேன் என்பது லேசில் எடுபடாது. படம் முடிந்தபின் அன்பளிப்பாகத் தந்தது வேறு கதை. எடுக்கச் சொன்னது யார் என்பதே கேள்வி. பழைய மின்னஞ்சல்களைப் புரட்டுங்கள். சந்தேகம் இருந்தால், உரிமை உங்களுடையது என்று அவர்களிடம் இப்போதே எழுதி வாங்குங்கள்.

காப்பிரைட் பதிவு கட்டாயமில்லை, ஆனாலும் செய்யுங்கள். கட்டணம் 5,000 ரூபாய், விண்ணப்பம் ஆன்லைனில். ஆட்சேபத்துக்கு 30 நாள் போனபின், ‘குறைபாடு’ என்று கடிதம் வந்தால் அதற்குப் பதில் எழுதிவிட்டு மாதக்கணக்கில் காத்திருக்க வேண்டும். ஆன்லைனாக்கியும் இந்த இழுத்தடிப்பு தீரவில்லை. இதைக் காட்டித்தான் தரகர்கள் உள்ளே நுழைகிறார்கள்.

அதுவரை அவருக்கு வாட்டர்மார்க் போட்ட லிங்க் போதும். மாஸ்டர் ஃபைலும் ஷூட்டிங் ஹார்ட் டிஸ்க்கும் உங்கள் வீட்டிலேயே இருக்கட்டும்.