கேளுங்கோ கதைப்பம்: சீரியல்ல வாற காவாலிப் பெடியள்

கேள்வி: அக்கா, என்ர தங்கச்சி இங்கிலாந்தில இருக்கிறாள். பின்னேரத்தில போன் எடுத்தால் "கொரோனேஷன் ஸ்ட்ரீட் சீரியல் போகுது, பிறகு எடு" எண்டு வைச்சிடுவாள். லீவில வந்து நிண்ட நேரம் டேவிட் பிளாட் எண்ட ஒருத்தனைப் போனில கிளிப் கிளிப்பாக் காட்டி ஒரே புளுகம். நான் பாத்த கிளிப்பில அவன் பெத்த தாயைப் படியால தள்ளிவிடுறான். உதில புளுகிறதுக்கு என்ன இருக்கு, ஆர் உவன்?
– வாசகி, பரந்தன்

பதில்: முதல்ல ஒண்டு, அது லண்டன் கதை இல்லை. எங்கட சனத்துக்கு இங்கிலாந்து முழுக்க லண்டன்தான், ஆனா இது வடக்கில மான்செஸ்டர் பக்கத்துக் கதை. சல்ஃபோர்டை வைச்சு உண்டாக்கின வெதர்ஃபீல்ட் எண்ட கற்பனை ஊர். 1960 டிசம்பர் 9 தொடங்கினது இன்னும் போகுது, 2020இல பத்தாயிரமாவது எபிசோட்டையும் தாண்டிட்டுது. ஒரு ஒழுங்கை, ஒட்டி ஒட்டி வீடுகள், மூலையில ரோவர்ஸ் ரிட்டேர்ன் எண்டு ஒரு தவறணை, அதுக்குள்ளதான் எல்லாம்.

டேவிட் அந்தக் கதைக்குள்ளயே 1990 நத்தார் அண்டு பிறந்தவன், அதால சனம் அவனைத் தொட்டில்ல கிடந்த நாளில இருந்தே பாக்குது. உங்கட தங்கச்சி புளுகிறதுக்கு அதுதான் முதல் காரணம் எண்டு நினைக்கிறன், பக்கத்து வளவுப் பெடியன் எவ்வளவு குழப்படி எண்டாலும் "அவன்ர தாய் பாவம்" எண்டு சொல்லிச் சொல்லியே நாங்கள் அவனை விடாமப் பாத்துக்கொண்டிருப்பம் எல்லோ, அந்த மாதிரி.

இனிக் கதைக்கு வாறன். தாய் பேர் கெய்ல். கெய்ல் கலியாணம் முடிச்ச ஒருத்தன் ரிச்சர்ட் ஹில்மன், காசு ஆலோசனை சொல்லுற வேலை, கதைக்கேக்க தேன், உள்ளுக்க காசுக்காகக் கொலை செய்யிறவன். 2003இல எல்லாம் வெளிக்கிட்டாப்பிறகு கெய்லையும் டேவிட்டையும் தமக்கை சாராவையும் சாராவின்ர குழந்தையையும் காருக்குள்ள போட்டுக் கட்டி, நேர வாய்க்காலுக்க காரை விட்டான். ஹில்மன் செத்தான், மற்றவை தப்பினவை. டேவிட்டுக்கு அப்ப பன்னிரண்டு வயசு.

பிறகு பாருங்கோ. 2006இல கெய்லுக்கு ஹில்மன்ர பேரில காட் வரத் தொடங்குது, செத்தவன்ர பேரில! மனிசி நடுங்குது. கடைசியில அனுப்பினது ஆரெண்டு பாத்தால் டேவிட். அடுத்த வருசம் சாராவின்ர கலியாணத்தண்டு, அதைக் குழப்பவேணும் எண்டு தானே காரை ஓட்டிக்கொண்டு போய் வாய்க்காலுக்க விட்டான். 2008இல, தன்ர காதலி கருக்கலைப்புச் செய்ததுக்குத் தாய் களவா உதவினவ எண்டு தெரிய வர, நீங்கள் பாத்த அந்தப் படி. பிறகு ஒழுங்கை முழுக்க யன்னல் கண்ணாடியை உடைச்சுக்கொண்டு போனான், உள்ளுக்கும் போனான்.

அந்தக் காட் விசயத்தை மட்டும் வடிவா யோசியுங்கோ. தனக்குப் பயமா இருந்த ஒண்டை எடுத்துத் தாயைப் பயப்படுத்துறான். அடிதடி எல்லாச் சீரியலிலயும் கிடக்கு, ஆனா இப்பிடி ஒரு வேலையை எழுதினவன் பெடியனை நல்லா அறிஞ்சவன்.

கேள்வி: அப்ப அவன் செய்த எல்லாத்துக்கும் சின்ன வயசில நடந்ததுதான் காரணமோ? அப்பிடியெண்டால் எங்கட பக்கத்துப் பிள்ளையள் எல்லாரும் கெட்டெல்லோ போயிருக்கவேணும்?
– ஆசிரியர் ஒருவர், விசுவமடு

பதில்: சேர் கேட்டது சரியான கேள்வி. 2009க்குப் பிறகு உங்கட வகுப்பில இருந்த பிள்ளையள் பாத்ததோட ஒப்பிட்டால் டேவிட் பாத்தது ஒரு இரவு. அந்தப் பிள்ளையளில கனபேர் இண்டைக்கு நேர்ஸ், வாத்தியார், மெக்கானிக், வயல் செய்யினம், ஏ ஒன்பது றோட்டில கடை போட்டிருக்கினம். ஒரு சிலபேர் வழி தவறிப் போனவை, உங்களுக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

சீரியல்ல பாருங்கோ, அதே காருக்குள்ள சாராவும் இருந்தவள். அவள் அவன் போன வழியில போகேல்ல. அதாலதான் நான் சொல்லுறது, கதை ஹில்மன்ல தொடங்குது, ஆனா ஹில்மனோட முடியேல்ல. வாய்க்காலுக்கால எழும்பி வந்தாப்பிறகு அந்த வீட்டில ஆரும் அவனோட இருந்து கதைச்சதாக் காட்டுறது குறைவு. கெய்லுக்கு அடுத்த பிரச்சினை, அடுத்த மாப்பிள்ளை, சாராவுக்குச் சாராவின்ர பாடு. பெடியன் "நல்லா இருக்கிறான்" எண்டு எல்லாரும் விட்டிட்டினம், ஏனெண்டால் சத்தம் போடாமச் சாப்பிட்டுப் பள்ளிக்கூடம் போறான். எங்கட வீடுகளிலயும் சத்தம் போடாத பிள்ளையைத்தான் நாங்கள் கடைசியாப் பாக்கிறம்.

2018இல இன்னொண்டு நடந்தது, அதையும் சொல்லவேணும். வளந்து, கலியாணம் கட்டி, மனிசி கைலியையும் கொலைக்குப் பறிகுடுத்தாப்பிறகு டேவிட்டை ஒரு ஆம்பிளை பாலியல் வன்முறைக்கு உட்படுத்திறான். அவன் மாசக்கணக்கா ஒருத்தருக்கும் சொல்லேல்ல, எரிஞ்சு விழுந்து எல்லாரையும் தள்ளி வைச்சான். அந்தக் கதையை எழுதேக்க மான்செஸ்டரில இப்பிடிப் பாதிக்கப்பட்ட ஆம்பிளையளுக்கு உதவி செய்யிற ஒரு அமைப்போட சேர்ந்துதான் எழுதினவை. பத்து வருசத்துக்கு மேலாச் சனம் "கெட்டவன்" எண்டு பழகின ஒருத்தனுக்கு இதைக் குடுத்ததுதான் கெட்டித்தனம், நல்ல பிள்ளை ஒண்டுக்கு நடந்திருந்தால் எல்லாரும் உடன அழுதிட்டு விட்டிருப்பினம், இவன் எண்டபடியால் பக்கத்து வீட்டுக்காரர் எல்லாம் "உவன் வழமையான குணம் காட்டுறான்" எண்டு நினைக்கினம், பாக்கிற எங்களுக்கு மட்டும் தெரியும், நெஞ்சு அடைக்கும்.

கேள்வி: டேவிட்டா நடிக்கிறவர் உண்மையிலயும் குழப்படிகாரனோ?
– மாணவி, கிளிநொச்சி

பதில்: பேர் ஜக் பி ஷெப்பர்ட். 2000இல பன்னிரண்டு வயசில வந்தவர், இன்னும் அங்கதான். 2025இல பிரபலங்களை அடைச்சு வைக்கிற பிக் பிரதர் போட்டியில சனம் வோட் போட்டு வெல்ல வைச்சது, அப்ப உங்களுக்கே விளங்குமே.

கேள்வி: அக்கா நான் புதுக்குடியிருப்பு. தலைமயிர் ஒரு பக்கம் வழிச்சு, பைக் சைலன்சர் மாத்தி வைச்சிருக்கிறன். ஊரில எல்லாரும் காவாலி எண்டினம். பொம்பிளைப் பிள்ளையளுக்குக் கெட்ட பெடியனைத்தான் பிடிக்குமாம், உண்மையோ?
– பேர் வேண்டாம்

பதில்: தம்பி, டேவிட் பிளாட்டுக்குத் தொழில் என்ன தெரியுமோ? அம்மம்மா ஓட்ரியின்ர சலூனில தொடங்கி, தலைமயிர் வெட்டுறது. ரிவியில ஒருத்தன் குழப்படி செய்தால் எழுதிறவர் அவனுக்கு நல்ல பகிடியும் எழுதிக் குடுப்பார், அதுக்குத்தான் பெட்டையள் சிரிக்கிறது. உமக்கு ஆர் எழுதிக் குடுக்கிறது? சைலன்சரைப் பழையபடி மாத்தும், ராவில வயசுபோன சனம் படுக்கிறேல்லயோ.

கேள்வி: பிள்ளை, எனக்கு எழுபது தாண்டிட்டுது. மகள் லண்டனில இருந்து ஒரு கதை சொன்னவள், ஒரு கிழவி தன்ர மகன் சாகக் கிடக்கேக்க டொக்டரைக் கூப்பிடாமப் பக்கத்தில இருந்து செபம் சொல்லிக்கொண்டு இருந்தவவாம். அப்பிடியும் ஒரு தாய் இருப்பாவோ?
– அம்மா ஒருவர், மல்லாவி

பதில்: அம்மா, அது வேற சீரியல், ஈஸ்ட்எண்டேர்ஸ், பிபிசியில 1985 பெப்ரவரி 19 தொடங்கினது. அது உண்மையா லண்டன் கதைதான். மகன் நிக் கொட்டன், தாய் டொட். சீரியலின்ர முதல் எபிசோட்டே ஒரு கிழவர் தன்ர அறையில குற்றுயிராக் கிடக்கிறதிலதான் தொடங்குது, அதைச் செய்தது நிக். அப்பிடி வந்தவன் முப்பது வருசம் போய்ப் போய் வந்தான். போதை, களவு, கொலை.

டொட்டைப் பற்றிக் கொஞ்சம் சொல்லவேணும், நடிச்சவ ஜூன் பிரவுண், 2022இல 95 வயசில காலமானவ. ஒல்லியான மனிசி, கையில எப்பவும் சிகரெட், வாயில எப்பவும் பைபிள் வசனம். துணி தோய்க்கிற கடையில வேலை. ஊரே அவவின்ர மகனைத் திட்டேக்க "என்ர நிக் அப்பிடி இல்லை" எண்டு நிப்பா. 1990இல டொட்டுக்கு பிங்கோ விளையாட்டில காசு விழுந்தது. நிக் தான் திருந்தி ஆண்டவரிட்ட வந்திட்டன் எண்டு சொல்லிக்கொண்டு வீட்டுக்க வந்து, அந்தக் காசுக்காக அவவுக்குச் சாப்பாட்டில நஞ்சு வைச்சான். கடைசி நிமிசத்தில தானே தடுத்தான், மனம் வரேல்ல. அந்த ஒரு நிமிசத்தைத்தான் டொட் பிறகு வருசக்கணக்காப் பிடிச்சுக்கொண்டிருந்தவ எண்டு எனக்குப் படும். பிறகு இன்னொருத்தற்ற மோட்டச்சைக்கிள்ள நிக் செய்த வேலையால அவன்ர சொந்த மகனே, டொட்டின்ர பேரன், செத்தான். 2014இல தான் செத்திட்டன் எண்டு பொய்யா நாடகமாடி, தாயை அழ வைச்சிட்டு, பிறகு உயிரோட வந்து நிக்கிறான். அப்பவும் ஒளிச்சு வைச்சுப் பாத்தா.

2015 பெப்ரவரியில ஹெரோயின் ஏத்தி அவன் சாகக் கிடக்கேக்கதான் நீங்கள் கேட்ட காட்சி. அம்புலன்சைக் கூப்பிடேல்ல. ஆண்டவரிட்ட விட்டிட்டன் எண்டு செபிச்சுக்கொண்டு மடியில வைச்சிருந்தா, பிறகு தானே போய்ச் சொல்லி மறியலுக்கும் போனா. அப்பிடியும் ஒரு தாயோ எண்டு கேட்டியள். நான் அவவைக் குற்றம் சொல்ல மாட்டன், சரியெண்டும் சொல்ல மாட்டன். ராத்திரி படலைச் சத்தம் கேட்டாப்பிறகு எழும்பிப்போய், மூடி வைச்ச சோத்துக்கோப்பையை எடுத்து, குழம்பைத் திரும்பச் சூடாக்கி வைச்சிட்டு, அவன் ஏன் கண் சிவந்து வாறான் எண்டு கேளாமப் படுக்கிற தாய்மார் எங்கட ஊரிலயும் இருக்கினம், அந்த ஆக்களிட்டக் கேட்டால்தான் இதுக்குப் பதில் கிடைக்கும். நிக் ஒரு கழிசடை, அவ்வளவுதான், அவனில பாக்க ஒண்டும் இல்லை. முப்பது வருசம் பாத்த சனம் பாத்தது டொட்டை.

கேள்வி: எங்கட தமிழ்ச் சீரியல்ல ஏன் எப்பவும் மாமியாரும் நாத்தனாரும்தான் வில்லி? காவாலி ஆம்பிளையள் இல்லையோ?
– மாங்குளம்

பதில்: இருக்கினம், ஆனா "ஆம்பிளை எண்டால் அப்பிடித்தான்" எண்டு விட்டிடுவினம், கடைசிக் கிழமையில மனிசிட்ட மன்னிப்புக் கேட்டால் எல்லாம் முடிஞ்சுது. இங்கிலாந்துச் சீரியலுக்குக் கடைசிக் கிழமையே இல்லை. பிழை செய்தவன் அடுத்தநாளும் அதே தவறணைக்க வந்து அதே ஆக்களுக்கு முன்னால நிக்கவேணும்.

கேள்வி: மச்சாள் ஈஸ்ட்எண்டேர்ஸில வாற கிராண்ட் மிச்செல் எண்டவன்ர பழைய வீடியோ காட்டினவ. சண்டைக்குப் போய் வந்தவன், நித்திரையில கத்துறான், மனிசிக்கு அடிக்கிறான். என்ர மனுசனும் அப்பிடித்தான் அக்கா. அவர் பட்டதை நினைச்சுப் பொறுத்துக்கொண்டு இருக்கிறன். சரிதானே?
– துணுக்காய்

பதில்: இல்லை, சரியில்லை. அவர் பட்டது உண்மை, அதுக்கு நீங்கள் அடி வாங்கவேணும் எண்டு ஒண்டும் இல்லை.

கிராண்டை ரொஸ் கெம்ப் 1990இல இருந்து நடிச்சவர். கதையில அவன் 1982 ஃபோக்லாண்ட் சண்டைக்குப் போன பரசூட் படைக்காரன். அந்த இரவுகளையும் அவன்ர வேர்வையையும் வடிவாக் காட்டினவை, பாக்கிற ஆருக்கும் அவனில இரக்கம் வரும். ஆனா எழுதினவை அவன்ர மனிசி ஷரோனின்ர முகத்தையும் அதே அளவுக்குக் காட்டினவை. அவள் கதவுச் சத்தத்துக்கு எப்பிடித் திடுக்கிடுறாள், ஆக்களோட எப்பிடிச் சிரிச்சுச் சமாளிக்கிறாள் எண்டு. நீங்கள் அந்த வீடியோவைத் திரும்பப் பாத்தால் இந்தமுறை கிராண்டைப் பாக்காதேங்கோ.

இனி சீரியலை விடுங்கோ. 2005ஆம் ஆண்டின் 34ஆம் இலக்க வீட்டு வன்முறைத் தடுப்புச் சட்டம் எண்டு ஒண்டு இருக்கு, அதால நீதவான் நீதிமன்றத்தில பாதுகாப்புக் கட்டளை எடுக்கலாம், கலியாணத்தை முறிக்கவேணும் எண்டில்லை. 1938க்கு அடிச்சால் பெண்களுக்கான உதவி இலக்கம். அவருக்கு நித்திரையில வாற பிரச்சினைக்கு 1926, தேசிய மனநல நிறுவனத்தின்ர இலக்கம், ஆஸ்பத்திரி மனநலப் பகுதிக்கும் போகலாம், அதுக்கு ஆரும் விசர் எண்டு பேர் வைக்கத் தேவையில்லை. அவரைக் கூட்டிக்கொண்டு போறது ஒரு வேலை, நீங்கள் அடியில இருந்து தப்பிறது வேற வேலை. ரெண்டாவதை முதல்ல செய்யுங்கோ. பக்கத்தில நம்பிற ஒரு ஆளிட்ட இண்டைக்கே சொல்லி வையுங்கோ, அடையாள அட்டையையும் பிள்ளையளின்ர பிறப்புப் பத்திரத்தையும் கைக்கெட்டுற இடத்தில எடுத்து வையுங்கோ. திரும்ப எழுதுங்கோ, பத்திரிகையில போடமாட்டன்.

கேள்வி: உதுகளை இங்க இருந்து பாக்கேலுமோ?
– வட்டக்கச்சி

பதில்: அந்த ரிவிக்காரரின்ர சொந்தத் தளத்தில முழு எபிசோட் அந்த நாட்டுக்குள்ளதான் ஓடும். யூரியூப்பில கொரோனேஷன் ஸ்ட்ரீட்டுக்கு அவையின்ர சொந்தச் சனல் இருக்கு, துண்டு துண்டாக் கிடக்கும், 2003 வாய்க்கால் காட்சியைத் தேடிப் பாருங்கோ. வடக்கு இங்கிலாந்துப் பேச்சு முதல்ல பிடிபடாது, எழுத்தைப் போட்டுவிட்டுப் பாக்கிறது நல்லம், டேட்டாவையும் பாத்துக்கொள்ளுங்கோ.