ஐந்து வருடம் கட்டியும் அசல் ஏன் குறையவில்லை?

கேள்வி: ஐந்து வருடங்களுக்கு முன்பு நானும் என் கணவரும் 40 லட்சம் வீட்டுக் கடன் வாங்கினோம். வட்டி 9 சதவீதம், 20 வருடக் கடன், மாதத் தவணை 35,989. முதல் ஐந்து வருடம் வட்டி மாறாது, அதன் பிறகு மாறலாம் என்பது ஒப்பந்தம். இதுவரை ஒரு தவணைகூடத் தவறியதில்லை. போன வாரம் வந்த ஸ்டேட்மென்ட்டைப் பார்த்ததும் தூக்கிவாரிப்போட்டது. நாங்கள் கட்டியிருப்பது 21 லட்சத்து 59 ஆயிரம். அசலில் குறைந்திருப்பதோ வெறும் நாலரை லட்சம்! இன்னும் 35 லட்சத்து 48 ஆயிரம் பாக்கியாம். எங்களை ஏமாற்றுகிறார்களா? இதற்கிடையில் இன்னொரு வங்கி, ‘8 சதவீதத்தில் கடனை எங்களிடம் மாற்றிக்கொள்ளுங்கள், மறுபடியும் 20 வருடம் தருகிறோம், தவணை 29,679 ஆகிவிடும்’ என்கிறது. கணவர் உடனே மாற்றிவிடலாம் என்கிறார். கையில் 2 லட்சம் சேமிப்பு இருக்கிறது. அதைக் கடனில் கட்டலாமா என்றும் குழப்பம். வழி சொல்லுங்கள்.
– பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்: அன்புள்ள சகோதரிக்கு, முதலில் உங்கள் பயத்துக்குப் பதில் சொல்லிவிடுகிறேன். நீங்கள் எழுதியிருக்கும் எண்களை வைத்து நானும் கணக்குப் போட்டுப் பார்த்தேன். கணக்கு சரியாகத்தான் இருக்கிறது. யாரும் உங்களை ஏமாற்றவில்லை. ஆனால் இந்தக் கணக்கைக் கடன் வாங்கிய அன்றே உங்களை உட்காரவைத்து விளக்கியிருக்க வேண்டும். அதை யாரும் செய்யவில்லை என்பதில் எனக்கு உங்களைவிட அதிகக் கோபம்.

உங்கள் முதல் மாதத்தை எடுத்துக்கொள்வோம். பாக்கி 40 லட்சம். வருடத்துக்கு 9 சதவீதம் என்றால் மாதத்துக்கு முக்கால் சதவீதம். 40 லட்சத்துக்கு முக்கால் சதவீதம் 30,000. நீங்கள் கட்டிய 35,989-இல் இந்த 30,000 நேராக வட்டிக்குப் போய்விட்டது. மிச்சம் 5,989 மட்டும்தான் அசலில் கழிந்தது. அடுத்த மாதம் வட்டி, குறைந்த அந்தப் பாக்கிக்குத்தான் போடப்படும். அதனால் வட்டி 45 குறையும், அசலில் 45 கூடுதலாகக் கழியும். அவ்வளவுதான் நகரும். இப்படி மாதாமாதம் ஊர்ந்து ஊர்ந்து, 60-ஆவது தவணையில் அசலுக்குப் போனது 9,307. வட்டிக்குப் போனது 26,682.

‘வங்கி முதலில் வட்டியை எடுத்துக்கொள்கிறது, அப்புறம்தான் அசலைத் தொடுகிறது’ என்று பலர் சொல்லக் கேட்டிருப்பீர்கள். அப்படித் தனியாக ஒரு தந்திரம் எதுவும் இல்லை. ஒவ்வொரு மாதமும் என்ன பாக்கியோ அதற்கு மட்டும்தான் வட்டி. பாக்கி பெரிதாக இருக்கும் வரை வட்டியும் பெரிதாக இருக்கும். தவணையை எப்போதும் ஒரே தொகையாக வைத்திருப்பதால், ஆரம்பத்தில் அசலுக்கு மிஞ்சுவது சொற்பம்.

இதே வேகத்தில் போனால் உங்கள் தவணையில் வட்டியைவிட அசலின் பங்கு அதிகமாவது 149-ஆவது மாதத்தில், அதாவது 12 வருடம் தாண்டி. பத்தாம் வருட முடிவில், பாதிக் காலம் முடிந்திருக்கும்போது, பாக்கி 28 லட்சத்து 41 ஆயிரம் இருக்கும். பாதிக் கடன் அடைவதற்கு முழுதாக 14 வருடம் ஆகும். 20 வருடமும் கட்டி முடித்தால் மொத்தம் 86 லட்சத்து 37 ஆயிரம். அதில் வட்டி மட்டும் 46 லட்சத்து 37 ஆயிரம்.

இந்த எண்ணைப் பார்த்து உடைந்துபோய்விடாதீர்கள். இருபது வருடத்தில் கட்டும் பணத்தை எல்லாம் இன்றைய பணமாக நினைத்துக் கூட்டினால் பூதம் மாதிரித்தான் தெரியும். விலைவாசி ஏறும், உங்கள் சம்பளமும் ஏறும். இன்றைக்குக் கழுத்தை நெரிக்கும் 35,989 இன்னும் பத்து வருடத்தில் அவ்வளவு கனக்காமல் போகலாம். வாடகைக்கு இருந்திருந்தாலும் மாதாமாதம் பணம் போயிருக்கத்தான் செய்யும். எனவே வட்டி கட்டுவதே வீண் என்ற முடிவுக்கு வர வேண்டாம். தேவைக்கு மேல் கட்டுவதைத்தான் தடுக்க வேண்டும். அது உங்கள் கையில் இருக்கிறது, அதுவும் இப்போதே இருக்கிறது.

வீட்டுக் கடனில் நாம் எல்லோரும் பார்ப்பது தவணையைத்தான். மாதம் எவ்வளவு, சம்பளத்தில் தாங்குமா, அவ்வளவுதான் கேள்வி. தாங்குமா என்பதற்கு அது பதில் சொல்லும், சரி. ஆனால் இந்த வீட்டுக்கு மொத்தம் என்ன விலை கொடுக்கிறோம் என்பதைத் தவணை சொல்லாது. அதைச் சொல்வது காலம். உங்கள் கடனையே 30 வருடத்துக்கு வாங்கியிருந்தால் தவணை 32,185 ஆகியிருக்கும். மாதம் 3,804 மிச்சம் என்று சந்தோஷப்பட்டிருப்போம். ஆனால் மொத்த வட்டி 75 லட்சத்து 87 ஆயிரமாகியிருக்கும். ஏறத்தாழ இருபத்தொன்பதரை லட்சம் கூடுதல்! 15 வருடத்துக்கு வாங்கியிருந்தால் தவணை 40,571, மொத்த வட்டி 33 லட்சம். கடன் அதே 40 லட்சம், வட்டி விகிதமும் அதே 9 சதவீதம்.

இதை மனதில் வைத்துக்கொண்டு அந்த இன்னொரு வங்கியின் பேச்சுக்கு வருவோம். உங்கள் கணவரிடம் இந்தப் பகுதியைக் கட்டாயம் காட்டுங்கள்.

இப்போது இருக்கும் இடத்திலேயே தொடர்ந்தால், வட்டி மாறாத பட்சத்தில், இன்னும் 180 தவணை. மொத்தம் 64 லட்சத்து 78 ஆயிரம் கட்ட வேண்டியிருக்கும். அவர்கள் சொல்வதுபோல் 8 சதவீதத்துக்கு மாறி, மறுபடி 20 வருடம் போட்டால் 240 தவணை, தலா 29,679. மொத்தம் 71 லட்சத்து 23 ஆயிரம். வட்டி விகிதம் ஒரு சதவீதம் குறைந்தும் நீங்கள் ஏறத்தாழ ஆறரை லட்சம் அதிகமாகக் கட்டுவீர்கள். ஏற்கெனவே ஓட்டிய ஐந்து வருடத்தை அழித்துவிட்டு முதலிலிருந்து தொடங்குவதன் விலை அது. தவணை 6,310 குறைகிறது என்ற இனிப்பில் இது கண்ணுக்குத் தெரியாது.

அதற்காக மாறவே கூடாது என்று சொல்லவில்லை. அதே வங்கி, அதே 8 சதவீதம், ஆனால் மிச்சமிருக்கும் 15 வருடத்துக்கு மட்டும் கேளுங்கள். தவணை 33,909 ஆகும். மொத்தம் 61 லட்சம் சொச்சம். இப்போது மூன்றே முக்கால் லட்சம் மிச்சம்.

இன்னும் ஒரு படி மேலே போகலாம். 8 சதவீதத்துக்கு மாறுங்கள், ஆனால் தவணையைக் குறைக்காமல் இப்போது கட்டும் அதே 35,989-ஐயே தொடர்ந்து கட்டுங்கள். ஐந்து வருடமாகப் பழகிவிட்ட தொகைதானே? கடன் 162-ஆவது மாதத்தில் முடிந்துவிடும். ஒன்றரை வருடம் முன்கூட்டியே விடுதலை. மொத்தம் 58 லட்சம். இப்போதைய கடனோடு ஒப்பிட்டால் ஆறே முக்கால் லட்சம் மிச்சம். ஒரே வங்கி, ஒரே வட்டி. எத்தனை வருடம் என்று எழுதுகிறீர்கள் என்பதைப் பொறுத்து ஆறரை லட்சம் நஷ்டமும் வரலாம், ஆறே முக்கால் லட்சம் லாபமும் வரலாம்.

மாறுவதற்கும் செலவு உண்டு. புது வங்கியின் பிராசசிங் கட்டணம், சொத்து மதிப்பீடு, வக்கீல் கட்டணம், அடமானத்தை மாற்றி எழுதும் செலவு, பழைய வங்கி முன்கூட்டியே முடிப்பதற்குக் கட்டணம் கேட்டால் அது. எல்லாவற்றையும் எழுத்தில் வாங்கி, மேலே சொன்ன மிச்சத்திலிருந்து கழித்துப் பாருங்கள். அப்புறம் அந்தத் தொகையைக் காட்டி உங்கள் பழைய வங்கியிடமே வட்டியைக் குறைக்கச் சொல்லிக் கேளுங்கள். வேறிடத்துக்குப் போகக் காகிதம் தயார் என்று தெரிந்தால் பல வங்கிகள் இறங்கி வரும். அப்படி இறங்கினால் இந்த அலைச்சலே வேண்டாம்.

மாறும்போது ஒரு காப்பீட்டையும் சேர்த்துத் தலையில் கட்டப் பார்ப்பார்கள். ‘பிரீமியத்தைத் தனியாகக் கட்ட வேண்டாம், கடனிலேயே சேர்த்துவிடுகிறோம்’ என்பார்கள். 1 லட்சம் பிரீமியத்தை 9 சதவீத, 20 வருடக் கடனில் சேர்த்தால் நீங்கள் கடைசியில் கட்டுவது 2 லட்சத்து 16 ஆயிரம். கடன் இருக்கும் குடும்பத்துக்கு ஆயுள் காப்பீடு அவசியம்தான். அதைத் தனியாக எடுத்து, வருடா வருடம் கட்டுங்கள். அதேபோல் யாராவது ‘ஃபிளாட் வட்டி 6 சதவீதம்தான்’ என்று வந்தால் உஷாராக இருங்கள். அது கடைசி வரை முழு 40 லட்சத்துக்கும் வட்டி போடும் முறை. அந்த முறையில் பார்த்தால் உங்கள் இப்போதைய 9 சதவீதக் கடன் 5.8 சதவீதத்துக்குத்தான் சமம். அதாவது அவர்களுடைய 6 சதவீதம் உங்கள் 9 சதவீதத்தைவிட அதிகம்.

அடுத்து, நீங்கள் கேட்காத ஒன்று. ஐந்து வருடம் முடிந்துவிட்டதால் இனி உங்கள் வட்டி மாறலாம். ஏறினால் பல வங்கிகள் தவணையைத் தொடுவதில்லை. சத்தமில்லாமல் காலத்தை நீட்டிவிடும். நமக்கும் மாதச் செலவு மாறாததால் எதுவும் உறைக்காது. உங்கள் வட்டி 10 சதவீதமாகி, தவணை அப்படியே இருந்தால் 180 தவணை 208 ஆகிவிடும். கிட்டத்தட்ட 10 லட்சம் கூடுதல். கடனின் ஆரம்பத்தில் இப்படி நடந்தால் இன்னும் மோசம். 40 லட்சம் பாக்கி இருக்கும்போது வட்டி 11 சதவீதமானால் மாத வட்டியே 36,667. தவணை 35,989-ஆகவே இருந்தால் வட்டியைக்கூட அது முழுதாக அடைக்காது. மாதம் தவறாமல் கட்டக் கட்டக் கடன் வளரும். எனவே வட்டி மாறியதாகத் தகவல் வந்தால் அன்றைக்கே கேட்க வேண்டிய கேள்வி, ‘எத்தனை தவணை பாக்கி?’ என்பதுதான். கூடியிருந்தால், முடிந்த அளவு தவணையை உயர்த்தி, காலத்தைப் பழையபடி வைக்கச் சொல்லுங்கள்.

சரி, அந்த 2 லட்சம்.

அதை இன்றைக்குக் கடனில் கட்டினால், 9 சதவீதமே தொடர்ந்தாலும், கடன் ஏறத்தாழ 20 மாதம் முன்னதாக முடியும். 5 லட்சத்துக்குச் சற்று மேல் வட்டி மிச்சமாகும். இதே 2 லட்சத்தைப் பத்து வருடம் கழித்து, 15-ஆம் வருட முடிவில் கட்டினால் மிச்சமாவது ஒரு லட்சம் சொச்சம்தான். கடைசியில் மொத்தமாகச் சேர்த்துக் கட்டிவிடலாம் என்று காத்திருப்பவர்கள் இதைக் கவனிக்க வேண்டும். கட்டும்போது ‘காலத்தைக் குறையுங்கள், தவணையைக் குறைக்க வேண்டாம்’ என்று எழுதிக் கொடுத்து, ஒப்புகை வாங்குங்கள். நீங்கள் சொல்லாமல் விட்டு, அவர்கள் தவணையைக் குறைத்தால் மாதம் இரண்டாயிரம் மிஞ்சும். ஆனால் வட்டியில் மிச்சமாவது 5 லட்சம் அல்ல, ஒன்றரை லட்சத்துக்குக் கொஞ்சம் மேல்தான்.

ஆனாலும் அதை இன்றைக்கே கொண்டுபோய்க் கட்டுங்கள் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. கையில் இருப்பது இந்த 2 லட்சம் மட்டும்தான் என்றால் அது உங்கள் ஆறு மாதத் தவணைக்குக்கூடச் சற்றுக் குறைவு. வீட்டுச் செலவு தனி. இரண்டு பேரில் ஒருவருக்கு வேலை போனாலோ, உடம்புக்கு முடியாமல் போனாலோ, கடனில் கட்டிய பணத்தை வங்கியிடம் திரும்பக் கேட்க முடியாது. அப்போது கிரெடிட் கார்டிலோ கைமாற்றாகவோ இதைவிடப் பல மடங்கு வட்டிக்கு வாங்க வேண்டிவரும். அப்படி ஏற்கெனவே வேறு கடன் ஏதாவது அதிக வட்டியில் இருந்தால் அதை முதலில் அடையுங்கள். இல்லையென்றால் இந்த 2 லட்சத்தை நினைத்தவுடன் எடுக்கக்கூடிய இடத்தில் வைத்துவிடுங்கள்.

இனிமேல் வரும் போனஸ், சம்பள உயர்வு இவற்றிலிருந்து கடனுக்குக் கொடுங்கள். வருடத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டும் வழக்கத்தை முதல் வருடத்திலிருந்தே வைத்திருந்தால் உங்களுடைய 20 வருடக் கடன் பதினாறரை வருடத்தில் முடிந்திருக்கும், 9 லட்சத்துக்கு மேல் மிஞ்சியிருக்கும். ஐந்து வருடம் போனால் போகட்டும், இந்த வருடம் தொடங்கினாலும் நல்ல பலன் இருக்கிறது. உங்கள் வங்கியில் பகுதித் தொகை கட்டுவதற்குக் கட்டணம் உண்டா, குறைந்தபட்சம் எவ்வளவு கட்ட வேண்டும் என்பதை மட்டும் முன்பே கேட்டுக்கொள்ளுங்கள்.

இந்த வாரம் செய்ய வேண்டியது இரண்டே வேலை. உங்கள் வங்கியிடம் மிச்சமிருக்கும் தவணைகளின் முழு அட்டவணையையும், ஐந்து வருடத்துக்குப் பிறகு வட்டி எந்த அடிப்படையில் மாறும் என்பதையும் எழுத்தில் கேளுங்கள். புது வங்கியிடம் 15 வருடத்துக்கான கணக்கைக் கேளுங்கள். 20 வருடம்தான் தருவோம் என்று அவர்கள் பிடிவாதம் பிடித்தால், கூடுதலாகக் கட்டுவதற்குக் கட்டணமோ கட்டுப்பாடோ இல்லை என்று எழுதிக் கொடுக்கும் வரை கணவரைக் கையெழுத்துப் போட விடாதீர்கள்.